கடலோரத்தில் கட்டட அனுமதி: கட்டுபவரும் எதிர்ப்பவரும் படிப்படியாகச் செய்ய வேண்டியவை

கோவளமோ மரக்காணமோ வேளாங்கண்ணியோ, கடலை ஒட்டி எங்கே மனை பார்த்தாலும் விற்பவர் நீட்டும் கோப்பில் பட்டா இருக்கும், வில்லங்கச் சான்றிதழ் இருக்கும், பல நேரம் கட்டட வரைபட அனுமதியும் இருக்கும். எல்லாம் உண்மையான காகிதங்களாகவே இருக்கலாம். ஆனாலும் அந்த இடத்தில் வீடு கட்டச் சட்டம் இடம் தராமல் போகலாம். நிலம் யாருடையது என்பதைப் பட்டா சொல்லும். அதில் என்ன செய்யலாம், என்ன செய்யக்கூடாது என்பதைக் கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கை சொல்லும். அலுவலகங்களில் இதைச் சுருக்கமாக ‘சிஆர்இசட்’ என்பார்கள். பத்திரப் பதிவு அலுவலகத்தில் இதைப் பற்றி யாரும் உங்களிடம் கேட்கப்போவதில்லை, அதனால் நீங்கள்தான் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.

இதை இரண்டு பேரை மனதில் வைத்து எழுதுகிறேன். ஒருவர் கடலோரத்தில் இடம் வாங்கவோ கட்டவோ நினைப்பவர். மற்றவர், தன் ஊர்க் கடற்கரையில் விதியை மீறி ஒரு கட்டடம் எழும்புவதைப் பார்த்துவிட்டு எங்கே போய்ச் சொல்வது என்று தெரியாமல் நிற்பவர். முதல் நான்கு படிகள் இருவருக்கும் ஒன்றே. இந்த வழக்குகள் பெரும்பாலும் வரைபடத்தில் ஓடும் கோட்டை வைத்தும், தேதிகளை வைத்தும்தான் முடிவாகின்றன. எவ்வளவு பணம் போட்டார்கள், எத்தனை குடும்பம் குடியேறியது என்பதெல்லாம் பிறகுதான் வரும். சில சமயம் வராமலே போகும்.

முதலில் மரடு வழக்கைத் தெரிந்துகொள்ளுங்கள்

கொச்சியை ஒட்டிய மரடில் நான்கு அடுக்குமாடிக் குடியிருப்புகள் உப்பங்கழிக் கரையில் எழுந்தன. 2006ல் அன்றைய மரடு ஊராட்சி கட்டட அனுமதி கொடுத்தது. கேரளக் கடலோர மண்டல மேலாண்மை ஆணையத்தின் ஒப்புதல் பெறப்படவில்லை. 2007ல் அதே ஊராட்சி, அனுமதியை ஏன் ரத்து செய்யக்கூடாது என்று கேட்டு நோட்டீஸ் அனுப்பியது. கட்டுநர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போய்த் தடை வாங்கினார்கள், கட்டடங்கள் வளர்ந்தன. உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதியும் சரி, டிவிஷன் பெஞ்ச் எனும் இரு நீதிபதிகள் அமர்வும் சரி, கட்டுநர்கள் பக்கமே தீர்ப்பளித்தார்கள். மக்கள் கடன் வாங்கி வீடு வாங்கிக் குடியேறினார்கள்.

2019 மே 8ஆம் தேதி உச்ச நீதிமன்றம் நான்கையும் இடிக்கச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் வெடிவைத்துத் தகர்த்தார்கள். வீட்டுக்காரர்களுக்கு இடைக்கால இழப்பீடாகத் தலா 25 லட்சம் ரூபாய் கொடுக்க உத்தரவானது. பாக்கித் தொகையை முடிவு செய்ய ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் ஒரு குழு அமைந்தது.

இதில் கவனிக்க வேண்டியவை மூன்று. ஊராட்சியின் கையெழுத்தால் மட்டும் கட்டடம் சட்டப்படி ஆகிவிடவில்லை. இடையில் உயர் நீதிமன்றத்தில் கிடைத்த தடையும் வெற்றியும் கட்டடத்தைக் காப்பாற்றவில்லை. தடை இருக்கும்போது கட்டுவது கட்டுபவரின் சொந்தப் பொறுப்பில்தான் நடக்கிறது. மூன்றாவதைத்தான் பலர் கவனிப்பதில்லை: மரடு பிறகு நகராட்சியானது, புதிய வரைபடத்தில் அந்தப் பகுதி கட்டடத்துக்கு இடம் தரும் வகைக்கு மாறியது. அதைக் காட்டித் தப்பிக்கப் பார்த்தபோது நீதிமன்றம் ஏற்கவில்லை. அனுமதி கொடுத்த காலத்தில் அந்த இடம் எந்த வகையில் இருந்தது என்பதையே பார்த்தது. “புது விதி வருகிறது சார், எல்லாம் சரியாகிவிடும்” என்று தரகர் சொன்னால் மரடை நினைத்துக்கொள்ளுங்கள்.

படி 1: கோடு எங்கே ஓடுகிறது?

எல்லாக் கணக்கும் உயர் அலைக் கோட்டிலிருந்து தொடங்குகிறது. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிக் கடல் நன்றாக ஏறும்போது தண்ணீர் நிலத்தில் எதுவரை வருகிறதோ அதுவே அந்தக் கோடு. இதைச் சென்னை அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கும் தேசிய நிலைத்த கடலோர மேலாண்மை மையம் நாடு முழுவதற்கும் குறித்திருக்கிறது. நீங்கள் இடம் பார்க்கப் போன மதிய வேளையில் அலை எங்கே நின்றதோ அங்கிருந்து டேப் பிடித்து அளந்தால் அந்த அளவு எங்கேயும் செல்லாது.

அந்தக் கோட்டிலிருந்து நிலப் பக்கமாக 500 மீட்டர்வரை கடலோர மண்டலம். கடலுக்கு முன்னால் நிற்பவருக்கு இது தெரிந்திருக்கும். ஆற்றங்கரையிலும் உப்பங்கழி ஓரத்திலும் மனை வாங்குபவருக்குத்தான் தெரிவதில்லை. கடல் ஓதம் ஏறி இறங்கும் ஆறு, கழி, முகத்துவாரம் எல்லாவற்றின் கரையும் இந்தச் சட்டத்துக்குள் வருகிறது. 2011 அறிவிக்கைப்படி கரையிலிருந்து 100 மீட்டர் அல்லது அந்த நீர்நிலையின் அகலம், இரண்டில் எது குறைவோ அது. 2019 அறிவிக்கையில் 100 என்பது 50 ஆனது.

ஓதம் ஆற்றில் எதுவரை ஏறுகிறது என்பதை உப்பை வைத்து முடிவு செய்கிறார்கள். ஆண்டிலேயே மிக வறண்ட காலத்தில், ஆயிரத்தில் 5 பங்கு உப்பு இருக்கும் இடம்வரை ஓதத்தின் எல்லை. ஆகவே கடல் கண்ணுக்கே தெரியாத இடத்தில், பல கிலோமீட்டர் உள்ளே, அடையாறு அல்லது கொசஸ்தலையாற்றின் கரையில் உங்கள் மனை இருந்தாலும் அது கடலோர மண்டலத்தில் விழலாம். மரடிலும் கட்டடங்கள் நின்றது கழிக்கரையில்தான், கடற்கரையில் இல்லை.

படி 2: உங்கள் இடம் எந்த வகை?

மண்டலத்துக்குள் வந்துவிட்டால் கட்டவே முடியாது என்று அர்த்தமில்லை. நான்கு வகை இருக்கிறது.

முதல் வகை: அலையாத்திக் காடு, பவளப்பாறை, மணல்மேடு, சேற்றுத்திட்டு, ஆமை முட்டையிடும் கரை, கடற்புல் படுகை, அப்புறம் உயர் அலைக்கும் தாழ் அலைக்கும் நடுவே இருக்கும் பகுதி. பிச்சாவரம் போல 1000 சதுர மீட்டருக்கு மேல் அலையாத்திக் காடு இருந்தால் அதைச் சுற்றி 50 மீட்டர் இடைவெளியும் இதில் சேரும். இங்கே வீடு கட்டும் யோசனையை விட்டுவிடுங்கள்.

நான்காம் வகை தண்ணீர்ப் பகுதி. கடலில் 12 கடல்மைல்வரை, அதோடு ஓதம் ஏறும் நீர்நிலைகள். வீட்டு மனைக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை.

தகராறு எல்லாம் இரண்டிலும் மூன்றிலும்தான். இரண்டாம் வகை என்பது கரைவரை ஏற்கெனவே கட்டடங்கள் நிறைந்த நகர்ப்பகுதி. இங்கே ஏற்கெனவே இருக்கும் சாலைக்கோ, ஏற்கெனவே அனுமதியோடு நிற்கும் கட்டடத்துக்கோ நிலப் பக்கத்தில் மட்டும் கட்டலாம். கடல் பக்கம் கட்டக்கூடாது. இந்த விதியைச் சுற்றிப்போக ஒரு வழி கண்டுபிடித்தார்கள்: கடலுக்கு இன்னும் நெருக்கமாகப் புதிதாக ஒரு சாலை போட்டுவிட்டு, அதற்கு நிலப் பக்கம்தான் கட்டுகிறோம் என்பது. அப்படிப் போட்ட புதுச் சாலை கணக்கில் வராது என்று அறிவிக்கையே சொல்கிறது. ஆகவே சாலை எப்போது போடப்பட்டது என்பதற்கான ஆதாரம் இந்த வழக்குகளில் கட்டட வரைபடத்தைவிட முக்கியம்.

மூன்றாம் வகை கிராமப்புறம். 2019 அறிவிக்கை இதை இரண்டாகப் பிரித்தது. 2011 மக்கள்தொகைக் கணக்குப்படி ஒரு சதுர கிலோமீட்டருக்கு 2161 பேருக்கு மேல் வாழும் ஊர்களில், புதிதாகக் கட்டடம் எழுப்பக்கூடாத வளர்ச்சித் தடைப் பகுதி உயர் அலைக் கோட்டிலிருந்து 50 மீட்டர். மற்ற ஊர்களில் முன்போலவே 200 மீட்டர். தடைப் பகுதிக்குள் அனுமதியோடு நிற்கும் பழைய வீட்டை அதே அளவில் பழுதுபார்க்கலாம். புதிதாக உல்லாச விடுதி எழுப்ப முடியாது. மீனவர் போன்ற பாரம்பரியக் கடலோர மக்களின் வீடுகளுக்கு அறிவிக்கை தனியாக இடம் தந்திருக்கிறது. அந்தச் சலுகையை வேறொருவர் பெயரில் வாங்கி விருந்தினர் இல்லம் கட்டுவது பல ஊர்களில் நடக்கும் அநியாயம். தங்கள் உரிமை இப்படிப் போவதை மீனவ ஊர்கள் கேள்வி கேட்க வேண்டும்.

படி 3: எந்த அறிவிக்கை, எந்த வரைபடம்?

கடலோர அறிவிக்கைகள் மூன்று: 1991 பிப்ரவரி 19, 2011 ஜனவரி 6, 2019 ஜனவரி 18. மூன்றும் 1986 சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் வந்தவை. 2019 வந்துவிட்டதால் பழையது செத்துவிட்டது என்று நினைக்காதீர்கள். 2019 விதிகளின்படி புதிய கடலோர மண்டல மேலாண்மைத் திட்ட வரைபடம் தயாராகி ஒப்புதல் கிடைக்கும்வரை 2011 விதிகளும் அதற்கான வரைபடமும்தான் நடப்பு. 50 மீட்டர் சலுகையைச் சொல்லி மனை விற்பவரிடம் ஒரே கேள்வி கேளுங்கள்: “இந்த மாவட்டத்துக்கு 2019 வரைபடம் எந்தத் தேதியில் ஒப்புதல் ஆனது? அந்த உத்தரவைக் காட்டுங்கள்.” காட்ட முடியாவிட்டால் 200 மீட்டர் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். நீங்கள் கட்ட நினைக்கும் நாளில் எது நடப்பு என்பதை மாநிலக் கடலோர மண்டல மேலாண்மை ஆணையத்திடம் எழுத்தில் கேட்டு வாங்குவது இதைவிட நல்லது.

வரைபடத்தை மட்டும் நம்பிவிடாமல், அது எந்த ஆண்டு வரைபடம், யார் ஒப்புதல் தந்தது என்று பார்க்க வேண்டியதற்கு எண்ணூர் கழிமுகமே சாட்சி. மத்திய அரசு 1996ல் ஒப்புதல் தந்த திட்டத்தில் அந்தக் கழிமுகம் பாதுகாக்கப்பட்ட பகுதியாகக் குறிக்கப்பட்டிருந்தது. பின்னாளில் வெளிவந்த வேறொரு வரைபடத்தில் அந்தக் குறிப்பு இல்லை. தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டுப் பெற்ற காகிதங்களால்தான் இந்த வித்தியாசம் வெளியே வந்தது. தங்கள் வாழ்வாதாரமான கழி காகிதத்தில் காணாமல் போயிருந்ததை மீனவர்கள் அப்படித்தான் தெரிந்துகொண்டார்கள்.

படி 4: காகிதங்களைச் சேர்ப்பது

சர்வே எண், உட்பிரிவு, பட்டா, புலப்படம் இவற்றை வருவாய்த் துறை இணையதளத்திலேயே எடுத்துவிடலாம். அதன் பிறகு மாவட்டத்தின் கடலோர வரைபடத்தில் உங்கள் சர்வே எண் எங்கே விழுகிறது என்று பாருங்கள். பொதுவாகக் கிடைக்கும் திட்ட வரைபடம் 1:25,000 அளவில் இருக்கும். அந்த அளவில் பேனாக் கோட்டின் தடிமனே தரையில் பல மீட்டர் ஆகிவிடும். எல்லைக்கு அருகில் இருக்கும் மனைக்கு அது போதாது. மத்திய அரசு அங்கீகரித்த நிறுவனம் ஒன்றின் மூலம் 1:4000 அளவில், உங்கள் சர்வே எண்ணை மேலே பொருத்தி, உயர் அலைக் கோடு குறித்த வரைபடம் தயாரிக்க வேண்டும். சென்னையில் அண்ணா பல்கலைக்கழகத்தின் தொலையுணர்வு நிறுவனமும் கடல் மேலாண்மை நிறுவனமும் இந்தப் பட்டியலில் உண்டு. செலவு ஆகும், ஆனால் நீதிமன்றத்தில் நிற்கும் வரைபடம் இதுதான். தனியார் சர்வேயர் கொடுக்கும் படத்தை எதிர்த்தரப்பு ஒரே வரியில் தள்ளிவிடும்.

ஏற்கெனவே அனுமதி வாங்கிய கட்டடம் என்றால் அனுமதி உத்தரவின் முதல் பக்கத்தோடு நிறுத்தாதீர்கள். நிபந்தனைகள் கடைசிப் பக்கத்தில், சிறிய எழுத்தில் இருக்கும். ‘கடலோர ஒழுங்குமுறை மண்டல விதிகளுக்கு உட்பட்டு’ என்றோ, ‘உரிய துறையின் தடையின்மைச் சான்று பெறும் பட்சத்தில்’ என்றோ ஒரு வரி இருந்தால், அந்தச் சான்று பெறாதவரை அனுமதி முழுமையடையவில்லை என்று பொருள். விற்பவரிடம் அந்தச் சான்றை, எண்ணும் தேதியும் போட்டுக் கேளுங்கள்.

எதிர்ப்பவராக இருந்தால் இதே காகிதங்களைத் தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் கேட்கலாம். கட்டணம் 10 ரூபாய், நீதிமன்ற முத்திரை வில்லையாக ஒட்டினால் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். “விதிமீறல் நடந்ததா?” என்று கேட்டால் பதில் வராது. இப்படிக் கேளுங்கள்: “இன்ன கிராமம், இன்ன சர்வே எண்ணில் வழங்கப்பட்ட கட்டட அனுமதி உத்தரவு, அதனுடன் இணைத்த வரைபடம், கடலோர மண்டல மேலாண்மை ஆணையத்தின் பரிந்துரை அல்லது ஒப்புதல் கடிதம், இவற்றின் நகல் வேண்டும்.” மனுவை உள்ளாட்சி அமைப்புக்கு ஒன்று, மாநில ஆணையத்துக்கு ஒன்று என்று தனித்தனியாகப் போடுங்கள். “எங்களிடம் அப்படி ஒரு கோப்பு இல்லை” என்று ஆணையம் எழுதித் தந்தால், அந்த ஒரு தாளே வழக்கில் உங்கள் பலமான ஆதாரம்.

படி 5: கட்டுபவர் யாரிடம் அனுமதி பெற வேண்டும்?

2019 விதிகள் நடப்பில் இருக்கும் இடத்தில், மொத்தக் கட்டடப் பரப்பு 300 சதுர மீட்டருக்குள், அதாவது ஏறக்குறைய 3,200 சதுர அடிக்குள், சொந்தக் குடியிருப்பு வீடு என்றால் உள்ளாட்சி அமைப்பே அனுமதி தரலாம். அப்போதும் கடலோர விதிகளை அது பார்த்துத்தான் தர வேண்டும். அதற்கு மேல் போனால், இரண்டாம் மூன்றாம் வகைப் பகுதிகளுக்கு மாநிலக் கடலோர மண்டல மேலாண்மை ஆணையம் வரை போக வேண்டும். விண்ணப்பம் முதலில் ஆட்சியர் தலைமையிலான மாவட்ட ஆணையத்தின் ஆய்வுக்குப் போகும். முதல், நான்காம் வகைகளுக்கு மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம். 20,000 சதுர மீட்டரும் அதற்கு மேலும் உள்ள திட்டங்களுக்குச் சுற்றுச்சூழல் அனுமதியும் தனியாக வேண்டும்.

சிறிய வீடுகளுக்குத் தமிழ்நாட்டில் 2024 முதல் சுயசான்று முறையில் இணையத்தில் உடனே அனுமதி கிடைக்கிறது. நல்ல வசதி. ஆனால் சொல்வதெல்லாம் உண்மை என்று உறுதி கூறுபவர் நீங்கள். கடலோர மண்டலத்தில் இருக்கும் மனைக்கு அதை எடுத்துவிட்டு, கணினி அனுமதி கொடுத்தது என்று பிறகு சொல்ல முடியாது.

மாமல்லபுரம் போன்ற ஊர்களில் இன்னொரு சட்டமும் சேரும். பாதுகாக்கப்பட்ட தொல்லியல் சின்னத்திலிருந்து 100 மீட்டர்வரை கட்டத் தடை, அதற்கு அப்பால் 200 மீட்டர்வரை முன்அனுமதி தேவை. கடலோர அனுமதி கிடைத்தாலும் இது தனியாக வேண்டும்.

படி 6: நோட்டீஸ் வந்துவிட்டால்

முதல் வேலை, கட்டுமானத்தை நிறுத்துவது. சொல்ல எளிது, வட்டி ஓடிக்கொண்டிருக்கும்போது செய்யக் கடினம் என்று தெரியும். ஆனால் நோட்டீஸுக்குப் பிறகு போட்ட ஒவ்வொரு தளமும், தெரிந்தே மீறினார் என்பதற்கு எதிர்த்தரப்பின் புகைப்படமாகிவிடும்.

அடுத்து, நோட்டீஸ் எந்தச் சட்டத்தின்கீழ் வந்தது என்று பாருங்கள். நகர் ஊரமைப்புச் சட்டத்தில் வந்தால் அதற்கான மேல்முறையீட்டு வழி வேறு. சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவில் வந்தால் விஷயம் பெரிது. கட்டடத்தை மூடவும், மின்சாரம், தண்ணீரைத் துண்டிக்கவும் அந்தப் பிரிவு அதிகாரம் தருகிறது. உத்தேச உத்தரவுக்கு ஆட்சேபம் சொல்லப் பொதுவாகக் குறைந்தது 15 நாள் தர வேண்டும். அந்த 15 நாளுக்குள் எழுத்தில், ஆவணங்களோடு பதில் கொடுத்து, ஒப்புகை முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். நேரில் போய்ப் பேசியது எங்கும் பதிவாகாது. இறுதி உத்தரவு வந்தால், சுற்றுச்சூழல் வழக்குகளை மட்டும் விசாரிக்கும் தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தில் 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். தக்க காரணம் காட்டினால் இன்னும் 60 நாள். அதற்கு மேல் ஒரு நாள்கூட நீட்டிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் இல்லை.

இடிக்கும் உத்தரவுகளுக்கு 2024 நவம்பர் 13ல் உச்ச நீதிமன்றம் நாடு முழுவதற்கும் நெறிமுறை சொல்லியிருக்கிறது: 15 நாள் முன்னறிவிப்பும் விசாரணையும் வேண்டும். ஆனால் சாலை, ஆறு, நீர்நிலை போன்ற பொது இடங்களில் நிற்கும் ஆக்கிரமிப்புகளுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்னவற்றுக்கும் இந்தப் பாதுகாப்பு கிடையாது.

சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தில் முன்பு சிறைத் தண்டனை இருந்தது. 2024 ஏப்ரல் 1 முதல் அதற்குப் பதிலாக 10,000 ரூபாய் முதல் 15 லட்சம்வரை பண அபராதம் வந்திருக்கிறது. அபராதத்தைக் கட்டிவிட்டுக் கட்டடத்தை வைத்துக்கொள்ளலாம் என்று யாராவது ஆலோசனை சொன்னால் கேட்காதீர்கள். அபராதம் வேறு, இடிப்பு வேறு. கட்டிவிட்டுப் பின்னால் ஒப்புதல் வாங்குவதும் உறுதியில்லாத பாதை. சுற்றுச்சூழல் அனுமதி விஷயத்தில் 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் அந்த முறையையே செல்லாது என்றது, நவம்பரில் அந்தத் தீர்ப்பைத் திரும்பப் பெற்றது. இப்படி ஊசலாடும் சட்டத்தை நம்பி அஸ்திவாரம் தோண்டக்கூடாது.

படி 7: எதிர்ப்பவர் செய்ய வேண்டியது

மணலைச் சமன்படுத்தும் இயந்திரம் வந்து நின்ற அன்றே தொடங்குங்கள். தேதியும் இடமும் பதியும்படி கைப்பேசியில் புகைப்படம் எடுங்கள். மணல்மேடு, கம்பி வேலி, படகு நிறுத்தும் இடம், வலை காயப்போடும் இடம், கடல், இவை ஒரே படத்தில் தெரியும்படி சில படங்கள் வேண்டும். கட்டடத்தை மட்டும் எடுத்தால் அது எங்கே நிற்கிறது என்று நீதிபதிக்குப் புரியாது. கூகுள் எர்த்தில் பழைய ஆண்டுகளின் செயற்கைக்கோள் படங்களையும் எடுத்து வையுங்கள். இந்த இடத்தில் முன்பு என்ன இருந்தது என்பதற்கு அவை சாட்சி.

பிறகு புகார். ஆட்சியருக்கும் மாநில ஆணையத்துக்கும் உள்ளாட்சி அமைப்புக்கும் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ஒரு பக்கம் போதும்: “இன்ன வட்டம், இன்ன கிராமம், சர்வே எண் இன்னதில், இன்ன தேதி முதல் கான்கிரீட் கட்டுமானம் நடக்கிறது. இது உயர் அலைக் கோட்டிலிருந்து 200 மீட்டருக்குள் வருகிறது. கடலோர மண்டல ஒப்புதல் பெறப்படவில்லை என்று இன்ன தேதியிட்ட தகவல் உரிமைப் பதில் கூறுகிறது. பணியை உடனே நிறுத்தி, கூட்டாய்வு செய்யக் கோருகிறோம்.” கட்டுபவரின் கட்சி, சாதி, பண பலம் பற்றி ஒரு வார்த்தையும் எழுதாதீர்கள். எழுதினால் புகார் தனிப்பகையாகிவிடும்.

கிராம சபைத் தீர்மானம் இருந்தால் பலம். தமிழ்நாட்டில் ஆண்டுக்கு ஆறு முறை கிராம சபை கூடுகிறது: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. ஊர்ப் பஞ்சாயத்தின் முடிவும் முக்கியம்தான், ஆனால் தீர்ப்பாயத்தில் கிராம சபைத் தீர்மானத்துக்குத்தான் சட்ட எடை.

பதிலுக்காகக் காத்திருந்து காலத்தைத் தொலைத்துவிடாதீர்கள். பசுமைத் தீர்ப்பாயத்தில் மனுப் போட, வழக்குக்கான காரணம் முதலில் எழுந்த நாளிலிருந்து ஆறு மாதம் கெடு, தக்க காரணம் இருந்தால் மேலும் 60 நாள். ஒருவருக்குக் கொடுத்த கடலோர ஒப்புதலையே எதிர்ப்பதானால் மேலே சொன்ன 30 நாள் கெடு. ஆட்சியர் அலுவலகத்துக்கு மனுமேல் மனு போட்டபடி எட்டு மாதத்தைத் தாண்டிவிட்டு, பிறகு வழக்கறிஞரைத் தேடும் ஊர்களின் நிலைமை பரிதாபம். எவ்வளவு நியாயம் இருந்தாலும் அவர்கள் மனு கெடுவிலேயே விழுந்துவிடும்.

சிவில் நீதிமன்றத்தில் தடை வாங்கலாமா என்று கேட்பார்கள். சுற்றுச்சூழல் பிரச்சினையில் தீர்ப்பாயத்தின் அதிகாரத்துக்குட்பட்டவற்றை சிவில் நீதிமன்றம் விசாரிக்க முடியாது. நிலம் யாருடையது என்ற தகராறு மட்டுமே அங்கே போகும். உயர் நீதிமன்றத்தின் ரிட் அதிகாரம் அப்படியே இருக்கிறது, ஆனால் பெரும்பாலும் தீர்ப்பாயத்துக்குப் போகச் சொல்லிவிடுவார்கள்.

தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னை சேப்பாக்கத்தில், கலச மஹாலில் இருக்கிறது. இழப்பீடு கேட்காத மனுவுக்குக் கட்டணம் 1,000 ரூபாய். இணையத்திலும் தாக்கல் செய்யலாம். நீங்களே வாதாடவும் சட்டம் இடம் தருகிறது, ஆனாலும் இந்தத் துறை தெரிந்த வழக்கறிஞர் ஒருவர் மனுவைப் பார்ப்பது நல்லது. மனுவில் மாநில ஆணையம், ஆட்சியர், உள்ளாட்சி அமைப்பு, கட்டுபவர் எல்லோரையும் எதிர்மனுதாரர்களாகச் சேருங்கள். இடைக்காலத் தடையைத் தனியாகக் கேளுங்கள்.

படி 8: கூட்டுக் குழு வரும் நாள்

இந்த வழக்குகளில் பெரும்பாலானவை இங்கேதான் தீர்மானமாகின்றன. தீர்ப்பாயம் பொதுவாகத் தானே இடத்தைப் பார்க்காது. ஆட்சியர் தரப்பு, மாநில ஆணையம், மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் என்று ஒரு கூட்டுக் குழுவை அமைத்து அறிக்கை கேட்கும். ஆய்வு நாளை முன்கூட்டியே தெரிந்துகொண்டு இரு தரப்பும் அங்கே இருக்க வேண்டும். எந்த வரைபடத்தை வைத்து அளக்கிறார்கள், எந்தப் புள்ளியிலிருந்து அளக்கிறார்கள் என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். பழைய சாலை எது, புதிது எது என்று ஊர்ப் பெரியவர்கள் காட்டட்டும். ஆமை முட்டையிடும் இடம், கரைவலை இழுக்கும் பாடு, மீன் உலர்த்தும் களம் இவற்றைக் குழுவை நடத்திக் கூட்டிப்போய்க் காட்டுங்கள். இந்தப் பொது இடங்களெல்லாம் உள்ளூர் அளவிலான கடலோர வரைபடத்தில் குறிக்கப்பட வேண்டும் என்பது விதி. குறிக்கப்படாமல் விட்டிருந்தால், அதையும் குழுவிடம் எழுதிக் கொடுங்கள்.

அறிக்கை தாக்கலானதும் நகல் வாங்கிப் படியுங்கள். ‘கட்டடம் ஏறக்குறைய 200 மீட்டரில் உள்ளது’ என்பது போன்ற வரியைப் பார்த்தால் சும்மா விடாதீர்கள். 190 என்றால் தடைப் பகுதி, 210 என்றால் அனுமதிக்கு வாய்ப்பு. எந்தப் பக்கம் இருந்தாலும் துல்லியமான அளவு கோரி ஆட்சேப மனு போடுங்கள்.

உத்தரவு வந்த பிறகு

தீர்ப்பாயத்தின் உத்தரவை எதிர்த்து 90 நாளுக்குள் உச்ச நீதிமன்றம் போகலாம். எதிர்த்தரப்பு போய்விட்டதா என்று உச்ச நீதிமன்ற இணையதளத்தில் பார்த்துக்கொண்டிருங்கள். உங்கள் தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்துவிடாமலிருக்க ‘கேவியட்’ மனு போட்டு வைக்கலாம்.

இடிக்கச் சொல்லி உத்தரவு வந்தும் மாதக்கணக்கில் எதுவும் நடக்காத இடங்கள் உண்டு. தீர்ப்பாயத்தின் உத்தரவை சிவில் நீதிமன்ற டிக்ரி போலவே நிறைவேற்றலாம். அதற்கு நிறைவேற்று மனு தனியாகப் போட வேண்டும். உத்தரவின் சான்றிட்ட நகலை உடனே வாங்கி, ஆட்சியருக்கும் மாநில ஆணையத்துக்கும் உள்ளாட்சி அமைப்புக்கும் பதிவுத் தபாலில் அனுப்பி, ஒப்புகை அட்டைகளைப் பத்திரமாக வையுங்கள். நிறைவேற்று மனுவோடு இணைக்க அந்த அட்டைகள் வேண்டும்.